பிரசங்கத் தாளின் நூல்

நியூ இங்கிலாந்து, ஜனவரி 1796
சனிக்கிழமை இரவு

அன்புள்ள அப்பா,

மாடியில் உங்கள் காலடி கேட்கும்போதெல்லாம் மெழுகுவர்த்தியைக் கையால் மறைத்துக்கொள்கிறேன்.

ஏழு வயதிலிருந்து உங்கள் பிரசங்கத் தாள்களைச் சேர்த்து நான்தான் நூலால் தைத்துக் கொடுத்துவந்தேன். கல்லூரித் தலைவரானதும் அந்த வேலையை, நம் வீட்டில் தங்கிப் படிக்கும் ஜேபஸிடம் கொடுத்துவிட்டீர்கள். "உனக்கு எதுக்கும்மா இது? போய் வெண்ணெய் கடைந்து எடு" என்றீர்கள். அவன் போட்டது கோணல் தையல். அதற்கு, "பிரமாதம்டா மகனே!"

போன ஞாயிறு மேடையில் தாள்கள் உதிர்ந்து பறந்தன. மாணவர்கள் சிரித்தார்கள். "ஒரு முடிச்சுகூடப் போடத் தெரியாதாடா?" என்றீர்கள். "தப்பு என்னோடதுதான் ஐயா" என்றான். அப்போதும் அவன் தோளில்தான் கை வைத்தீர்கள். அந்தக் கைக்காக அவனை இன்னும் வெறுக்கிறேன்.

ஆனால் அது அறுந்த நூல் அல்ல, வெட்டிய நூல் என்று நிர்வாகிகள் கண்டுபிடித்துவிட்டார்கள். வெட்டியது அவன்தான் என்று நம்பி, நாளை ஆராதனையில் அவனைப் பெயர் சொல்லி எழுப்பி நிறுத்தி, எல்லோர் முன்னும் கல்லூரியை விட்டு நீக்கப் போகிறீர்கள்.

வெட்டியது என் கத்தரிக்கோல்.

நம் ஊர் வழக்கப்படி, சூரியன் மறைந்ததுமே ஓய்வுநாள் தொடங்கிவிட்டது. இனி ஊசியைத் தொடுவது பாவம். ஆனாலும் நூல் கோத்துவிட்டேன். நாளைய பிரசங்கத்தின் முதல் தாளாக இந்தக் கடிதத்தைத் தைக்கப் போகிறேன். முடிச்சைப் பார்த்தாலே யாருடையது என்று உங்களுக்குத் தெரியும்.

அவன் பெயருக்குப் பதில் என் பெயரைச் சொல்லுங்கள். அத்தனை பேர் முன்னால் ஒருமுறையாவது என்னைக் கூப்பிடுவீர்கள்.

உங்கள் பழைய தையல்காரி