ஏறாத டியூ

அன்புள்ள மச்சானுக்கு,

மஸ்கட்டிலிருந்து சுகந்தி எழுதுவது. உங்கள் முழங்கால் வலி தேவலையா? பந்தல்குடிப் பக்கம் மழை உண்டா? நான் நன்றாக இருக்கிறேன், வேளாவேளைக்குச் சாப்பிடுகிறேன். போனில் சொன்னால் பதறுவீர்கள் என்றுதான், ஊருக்கு வரும் ஆசிபாவிடம் இதைக் கொடுத்துவிடுகிறேன். அவளும் எங்கள் ஆஸ்பத்திரியில் நர்ஸ்தான்.

பெரிதாக ஒன்றும் இல்லை. வீட்டு லோன் இன்னும் எத்தனை வருஷம் என்று நேற்று போனில் பேங்கு ஆப்பைத் திறந்து சும்மா பார்த்தேன். இன்னும் இருபது வருஷம் என்று காட்டியது. நாம் வாங்கியதே இருபது வருஷத்துக்குத்தானே? ஐந்து வருஷமாக ஒரு மாதம்கூடத் தவறாமல் கட்டியதெல்லாம் எங்கே போனது? ஆசிபாதான் விளக்கினாள். "வட்டி ஏறுனப்ப டியூவை ஏத்தாம வருஷத்தைக் கூட்டிட்டாக அக்கா." அன்றைக்கு நீங்கள், "வட்டி ஏறியும் டியூ ஏறல, நல்ல பேங்கு" என்றீர்கள். நானும் சந்தோஷப்பட்டேன் மச்சான்.

திங்கட்கிழமையே அருப்புக்கோட்டைக்குப் போய் மேனேஜரைப் பாருங்கள். டியூவைக் கூட்டி வருஷத்தைக் குறைக்கச் சொல்லுங்கள். நான் கூடுதல் டூட்டி கேட்டிருக்கிறேன். மாடியில் ரூம் கட்டுவது இப்போதைக்கு வேண்டாம். ஆசிபா திரும்பும்போது கொஞ்சம் காரச்சேவும், நம் பாப்பாவின் ரிப்பன் ஒன்றும் கொடுத்துவிடுங்கள். புதிது வேண்டாம், அவள் கட்டிக் கழற்றியது போதும்.

வெளியே வண்டி வந்துவிட்டது, ஆசிபா கூப்பிடுகிறாள். ஒன்றே ஒன்று. "லோன் முடிஞ்சதும் அம்மா வந்துருவாக" என்று பாப்பாவிடம் சொல்வீர்களே, இனிமேல் அதைச் சொல்லாதீர்கள். அவளுக்கு இப்போது கணக்குப் போடத் தெரியும்.

சுகந்தி