நகக்கண் அளவுதான் நம் பங்கு

உத்திரமேரூர்
20.11.2004

அன்புப் பேத்தி சுகிர்தாவுக்கு உன் ஆயா எழுதுவது. தேவன் கிருபையால் இங்கே எல்லோருக்கும் உடம்பு நன்றாக இருக்கிறது, மனசுதான் கொதிக்கிறது. முதலில் நல்லதைச் சொல்லிவிடுகிறேன். உன் தம்பி பீட்டர் பாலிடெக்னிக்கில் முதல் வகுப்பில் தேறிவிட்டான், உன் அத்தை மகள் மலர்க்கொடி பத்தாவதில் கணக்குக்கு நூறு, நீயோ கல்கத்தாவில் கம்ப்யூட்டருக்கே பின்கோடு படிக்கச் சொல்லித்தருகிறாய். இப்படிப் பிள்ளைகளைப் பெற்ற வீட்டைத்தான் போன வாரம் ஊரே கூடிக் கேவலப்படுத்தப் பார்த்தது.

மதகுக்குக் கீழே இருக்கிற பாண்டுரங்கன் நிலத்தில் நட்ட பயிர் மூழ்கி அழுகிவிட்டது. ஏரி மதகைத் திறந்து மூடுவது என் பிள்ளை, உன் நைனா அல்லவா, பழி முழுக்க அவன் தலையில். "அருள்தாஸு பலகைய தூக்கி வுட்டுட்டு எங்கியோ குந்திகினு இருந்தான், இனிமே மதகாண்ட அவன் வரக்கூடாது" என்று பாண்டுரங்கன் கத்துகிறார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. நீ போன கடிதத்தில் எழுதியிருந்தாயே, கம்ப்யூட்டர் ஏழு என்ற எண்ணை ஒன்று என்று தப்பாகப் படித்தால் அந்தத் தப்பைக் கடைசியிலிருந்து பின்னோக்கிக் கொண்டுபோய், உள்ளே இருக்கிற ஒவ்வொரு எண்ணுக்கும் அதனதன் பங்கை மட்டும் கொடுப்போம், சரியா என்று பார்க்க ஒன்றை மட்டும் துளி அசைத்து முடிவு எவ்வளவு அசைகிறது என்று அளப்போம் என்று. அதையே கேட்டேன். "அளந்து பாத்துட்டு அப்புறம் பேசுங்க" என்றேன். ஊர்ப் பெரியவர் தாண்டவராயன் சரி என்றார்.

வயலில் ஒரு குச்சியை நட்டோம். கோபத்தில் முதலில் மதகையும் வயல் தண்ணீர் வெளியே வடிகிற வடிமடையையும் சேர்த்தே அசைக்கச் சொல்லிவிட்டேன், தண்ணீர் இறங்கியது, எதனால் என்று யாருக்குத் தெரியும்? பாண்டுரங்கன் சிரித்தார். எல்லாவற்றையும் பழையபடி வைத்து, மதகுப் பலகையை மட்டும் ஒரு விரல் இறக்கினோம். மதியம் வரை காத்திருந்தும் குச்சியில் நகக்கண் அளவுதான் இறங்கியது. பலகையை மறுபடி ஏற்றிவிட்டு வடிமடையை ஒரு விரல் திறந்தோம், அதே அளவு நேரத்தில் நாலு விரல் இறங்கியது! யூரியா கரைந்து ஓடக்கூடாதென்று அதை மண்மூட்டை வைத்து அடைத்தது யார்? பாண்டுரங்கனேதான். எங்கள் பங்கு அந்த நகக்கண், அதை ஒத்துக்கொள்கிறோம் என்று எல்லோர் முன்னாலும் சொன்னேன். மீதியை அவர் ஒத்துக்கொள்ள வேண்டாமா?

மதகு உன் நைனாவிடமே இருக்கட்டும் என்று தாண்டவராயன் சொல்லிவிட்டார். ஆனால் பாண்டுரங்கன் ஒரு வார்த்தை, தெரியாமல் பேசிவிட்டேன் என்று சொல்லவில்லையே! "அஞ்சாவது படிச்ச கெய்விக்கு இன்னா கணக்கு தெரியும்" என்கிறார். என் பேத்தி சொல்லித்தந்தது என்று சுருக்குப்பையிலிருந்து உன் போட்டோவை எடுத்துக் காட்டினேன். "இந்த ரெட்டை ஜடைப் பொண்ணா?" என்று சிரிக்கிறார். என்னிடம் இருப்பது நீ எட்டாவதில் எடுத்தது, நான் என்ன செய்ய?

வேளைக்குச் சாப்பிடு, தலைக்கு எண்ணெய் வை, ஞாயிறு கோயிலுக்குப் போ. கர்த்தர் உன்னைக் கைவிடமாட்டார். கரும்பலகையில் அந்தக் கணக்கை எழுதி, பக்கத்தில் நின்று புதுப் போட்டோ ஒன்று எடுத்து உடனே தபாலில் அனுப்பு. பாண்டுரங்கன் நம் வீட்டு வாசல் மிதிக்கமாட்டார், தெரியும். ஆனால் தண்ணீர் கேட்க மதகுக்கு வந்துதானே ஆகவேண்டும், நான் புதுப் போட்டோவோடு அங்கேயே நிற்பேன்.

உன் ஆயா
ஆண்டாளம்மாள்