அம்மாவின் குரல் வரும் இடம்

மார்ச் 4

அண்ணா,

அம்மாவின் அழுகையை நீ திருடிவிட்டாய். நீ இசை போட்ட படத்தில் அந்தப் பேய் மாடிப்படி ஏறும்போது வயலின்களுக்கு அடியில் ஓடுவது அவள் குரல். கொதிகலன் வெடித்து அப்பாவை ஆலையிலிருந்து துணியில் சுற்றிக் கொண்டுவந்த அன்று உன் டேப் ரெக்கார்டர் ஓடிக்கொண்டிருந்தது. வேகத்தைக் குறைத்திருக்கிறாய், அவ்வளவுதான். அன்று ஆலைக்காரன் ஒருவனும் நம் வாசலை மிதிக்கவில்லை. இன்று அந்த அழுகையை டிக்கெட் போட்டு விற்கிறார்கள்.

போனை நீ எடுப்பதில்லை, அதனால் எழுதுகிறேன். அம்மாவுக்கு இது தெரியவே கூடாது.

தங்கை


மார்ச் 11

அன்புத் தங்கைக்கு,

அம்மாவுக்கு எலும்பு வலி எப்படி இருக்கிறது? மாத்திரையை நேரத்துக்குக் கொடு.

பதினாறு படங்களுக்கு இன்னொருவர் பெயரில் பின்னணி இசை எழுதினேன். அவருக்கு மாலை விழும்போது கடைசி வரிசையில் நின்று கைதட்டினேன். இந்த ஒன்றில்தான் என் பெயர் வந்தது. முப்பது வயலின் வைத்தும் இயக்குநர், “பயமே வரலியே சார்” என்றார். அந்தக் குரலைப் போட்டதும் மனிதர் எழுந்துபோய் விளக்கைப் போட்டார். இரண்டாம் பாகமும் எனக்குத்தான்.

அம்மாவுக்குத் தெரியும். போன மாதம் நானே போட்டுக் காட்டினேன். “பரவாயில்லையே, நானும் சினிமாவுல பாடிட்டேன்” என்று சிரித்தாள். அதற்காக அவள் கட்டிலுக்கு அடியில் சின்ன ரெக்கார்டர் ஒன்று வைத்திருக்கிறேன். தொடாதே.

அண்ணன்


மார்ச் 15

அண்ணா,

தொட்டேன். சிவப்பு விளக்கு எரிந்துகொண்டிருந்தது. பக்கத்தில் ஒரு டப்பா. அதில் நான் கொடுத்த மாத்திரைகள் அத்தனையும் கிடந்தன.

“ஏம்மா?” என்றேன்.

“அதைப் போட்டா தொண்டை தூங்கிடுதுடி. போன தடவை பதிவு சரியா வரலைன்னு அவன் முகம் சுண்டிப்போச்சு. பேரு இல்லாமக் கிடந்த பிள்ளை.”

ரெக்கார்டரை அணைத்தேன். பதறிப்போய் என் கையைப் பிடித்தாள். “போட்டு விடுடி, இப்போ வரப்போகுது.”

வந்தது. ரெக்கார்டர் இருக்கும் பக்கமாகத் தலையைத் திருப்பிக்கொண்டு கத்தினாள். வலியில் துடிக்கும்போதும் அந்தப் பக்கத்தை மறக்கவில்லை. அந்த அறைக்குள் போகவே எனக்குப் பயமாக இருக்கிறது. அவளைக் கண்டா, உன்னைக் கண்டா, தெரியவில்லை.

வந்து உன் வாயால் போதும் என்று சொல்.

தங்கை


மார்ச் 19

அண்ணா,

மாத்திரையைத் துப்புகிறாள். தூள் செய்து கலந்தால் தண்ணீரையும் துப்புகிறாள். நீ போதும் என்றதாக நானே சொல்லிப் பார்த்தேன். “அவன் கையெழுத்தைக் காட்டு” என்கிறாள்.

வர வேண்டாம். ‘போதும்மா, நல்லா வந்திருக்கு.’ இந்த ஒரு வரியை எழுதி அனுப்பு. நம் வீட்டு விலாசம் எழுதி, தபால்தலை ஒட்டிய உறை இத்துடன் இருக்கிறது.

தங்கை


மார்ச் 24

அண்ணா,

ரெக்கார்டரில் பேட்டரி தீர்ந்துவிட்டது. அது அவளுக்குத் தெரியாது. இன்னும் அந்தப் பக்கம் பார்த்துத்தான் கத்துகிறாள்.

அந்த ஒரு வரியை எழுது.