மிளகுக் கிடங்குக்கு வந்த சுழல் நாற்காலி

மட்டாஞ்சேரி
12.8.1999

அன்பு மகள் பாண்டிச்செல்விக்கு அப்பா அய்யாசாமி சொல்லச் சொல்லத் தம்பி சுடலைமணி எழுதுவது. இங்கே அப்பா, அம்மா, நான், ஒழுகுகிற கூரை எல்லாரும் சுகம். பெங்களூர்க் குளிரில் நீயும் சளி பிடிக்காமல் இருப்பாய் என்று நம்புகிறோம். அப்பாவுக்குத் தமிழ் எழுத வராது, எனக்கு வருவது மலையாளப் பள்ளிக்கூடத்தில் ஊறிய தமிழ், பொறுத்துக்கொள்.

இதனால் ஊர் உலகத்துக்கெல்லாம் அறிவிப்பது என்னவென்றால், அப்பா வேலை பார்க்கும் மிளகுக் கிடங்கில் வரலாறு காணாத வகையில் ஒரு சுழல் நாற்காலி வந்திறங்கியிருக்கிறது. உட்கார்ந்து சுற்றுவது அப்பா இல்லை, கலூரிலிருந்து வந்த பிரதீஷ். மேஸ்திரி ஒச்சப்பன் மாமா ஓய்வு பெற்றது உனக்குத் தெரியும். அந்தக் கிடங்கின் வழக்கமும் தெரியும். தெருவிலிருந்து உள்ளே போக ஒரே வாசல்தான், மிளகு அரிக்கும் சல்லடை வேலை. பிறகு சாக்குத் தையல், பிறகு எடை, கடைசியில் மேஸ்திரி. மேலே ஒருவர் இறங்கினால் கீழே இருப்பவர்கள் ஆளுக்கு ஒரு படி ஏறுவார்கள், காலியாகும் சல்லடைக்கு அங்கே இருப்பவர்களின் பிள்ளைகளில் ஒருவன் வருவான். அப்படியானால் எடையில் இருக்கும் அப்பா இப்போது மேஸ்திரி, நான் சல்லடை ஆகியிருக்க வேண்டும். முதலாளியோ கம்ப்யூட்டர் தெரிந்தவன் வேண்டும் என்று வெளியிலிருந்து நேராக உச்சியில் ஆளை இறக்கிவிட்டார். யாரும் நகரவில்லை, நாற்காலி மட்டும் நகர்கிறது.

அப்பா தனக்குப் பொறாமையே கிடையாது என்று எழுதச் சொல்கிறார். இரண்டு தடவை எழுதச் சொல்கிறார். எனக்கு உண்டு, ஒரு தடவை எழுதினால் போதும். புது மேஸ்திரி முதல் நாள் ஒரு பிடி மிளகை மென்று ஈரப்பதம் சொல்வதுதான் இங்கே முறை என்று, அப்பாவுக்குச் சாப்பாடு கொண்டுபோன நான் அவனிடம் அளந்துவிட்டேன். அவனும் மென்றான். கண்ணில் தண்ணீர் கொட்ட, மோனே நீ கொள்ளாமல்லோடா, ஆள் பரவாயில்லையே என்று சிரித்து எல்லாருக்கும் சாயா வாங்கிக் கொடுத்துவிட்டான். எரிந்தது அவன் வாய், வயிறு எரிந்தது எனக்கு. அவன் என் காலில் விழுந்து கூப்பிட்டாலும் அந்தக் கிடங்குப் படியை மிதிக்க மாட்டேன் என்று சொல்லிவிட்டேன்.

வேலையை விட்டுவிடலாமா என்று அப்பா எர்ணாகுளம் பிராட்வே மிளகுக் கடைகளுக்குப் போய்க் கேட்டுப் பார்த்தார். வாங்க அண்ணாச்சி, சல்லடையிலிருந்து தொடங்குங்க என்றார்களாம். சாக்குக்குள் கைவிட்டே எந்த மலை மிளகு என்று சொல்கிற கைக்கு இந்தச் சுவருக்குள்தான் மரியாதை. நீ மூன்று ஆடைக் கம்பெனி தாவி மூன்று படி ஏறினாய், அப்பா ஒரு கடை தாவினால் இரண்டு படி இறங்க வேண்டும். உன் மேல் எனக்கு எவ்வளவு எரிச்சல் என்று இங்கே எழுதினேன், அம்மா அந்த வரியை அடிக்கச் சொன்னாள், அடித்துவிட்டேன்.

இனி அப்பா சொல்வது அப்படியே. செல்வி, உன்னையும் வெளியிலிருந்து கொண்டுவந்துதானே தையல் பிரிவுக்கு மேலாளாகப் போட்டார்கள். அந்த இடம் தனக்கென்று காத்திருந்த ஒரு ஆள் அங்கே இருப்பார். அவர் யார் என்று விசாரி. ஒன்றை மாற்றுவதற்கு முன்னால் அவரிடம் ஒரு வார்த்தை கேள். கேட்டால் உன் நாற்காலி ஒன்றும் சிறுத்துவிடாது. கேட்கப்பட்டவனுக்கு அன்று ராத்திரி சோறு இறங்கும். வேளைக்குச் சாப்பிடு, தலைக்குக் குளித்தால் நன்றாகத் துவட்டு, அம்மாவின் வெள்ளிக்கிழமை விளக்கில் உன் பெயரும் சேர்ந்தே எரிகிறது, மகராசியாக இரு.

இப்படிக்கு,
உன் அப்பா
அய்யாசாமி

பின்குறிப்பு, அக்காவுக்கு மட்டும்: அப்பா முதலிலேயே சொன்ன ஒரு சேதியை எழுதாமல் விழுங்கிவிட்டேன். சல்லடைக்குக் கூடுதலாக ஓர் ஆள் சேர்க்க முதலாளி சம்மதித்ததும் பிரதீஷ் அப்பாவிடம் வந்து, அய்யாசாமி அண்ணா, நீங்க சொல்லுங்க, யாரை எடுக்கட்டும் என்று கேட்டான். அன்றைக்குத்தான் அப்பா இரண்டாம் தரம் சோறு வாங்கினார். இந்தத் திங்கட்கிழமை முதல் நான் மிளகு அரிக்கிறேன். அவனைச் சேட்டா, அண்ணா என்றுதான் கூப்பிடுகிறேன். அவன் இல்லாதபோது அந்த நாற்காலியில் ஒரு சுற்றுச் சுற்றியும் பார்த்தேன், அக்கா. சுகமாகத்தான் இருக்கிறது.