யன்னலைப் பார்த்து வாசித்தவருக்கு

இன்று காலை உங்கள் கதிரை கிரீச்சிட்டது. அதில் ஆரணி இருந்தாள். என் மகளுக்கு இப்போது பதினேழு வயது. கணக்கியல் படித்தால் என்னென்ன நன்மை என்று, தேநீர் ஆறும்வரை நான் சொல்லிக்கொண்டிருந்தேன். அந்தச் சத்தம் கேட்டதும் பாதி வசனத்தில் நிறுத்திவிட்டேன். உங்களிடமிருந்து ஒட்டிக்கொண்ட பழக்கம்.

இல்-பிசார் தீவில் எங்களுக்குப் பக்கத்து வீடு உங்களுடையது. போலந்தில் பிள்ளைகள் உங்கள் கதைகளைக் கேட்டுத் தூங்கிய வருடங்களில், நீங்கள் இங்கே டவுன்டவுனில் ஒரு உணவகத்தில் கோப்பை கழுவினீர்களாம். ஈரக் கையைத் துடைத்துவிட்டு எழுதி, தபாலில் அனுப்புவீர்களாம். உங்கள் வீட்டு அலுமாரியில் ஒரு தட்டு நிறைய நீங்கள் எழுதிய போலிஷ் புத்தகங்கள். எங்களால் ஒன்றையும் வாசிக்க முடியாது.

புதுக் கதையை முதலில் ஒரு பிள்ளைக்கு வாசித்துக் காட்டுவது உங்கள் வழக்கம். ஆரணிக்கு ஆறு வயதானபோது அவளுடைய முறை வந்தது. வீட்டிலேயே அதிகம் ஆடுகிற கதிரையில் அவளை இருத்திவிட்டு, நீங்கள் யன்னல் பக்கம் திரும்பி நின்று, போலிஷ் கதையைப் பிரெஞ்சில் சொல்லுவீர்கள்.

"முகத்தைப் பார்த்தால் எனக்காகச் சிரிப்பாள்" என்பீர்கள்.

பிள்ளைக்கு அலுத்து, கதிரை கிரீச்சிட்ட இடத்தில் பென்சிலால் ஒரு கோடு. பிறகு அந்த இடம் கதையில் இராது.

கடைசிக் கதையின்போது உங்களுக்குச் சுகமில்லை. ஆஸ்பத்திரிக்குப் போகுமுன் அனுப்பிவிட வேண்டும் என்றீர்கள். உங்கள் வாசலில் சப்பாத்தைக் கழற்றும்போது நான் ஆரணியின் காதில் சொன்னேன்: "அந்த அம்மாவுக்கு வருத்தம். ஆடாமல் இரு, என்ன?"

அவள் சிலைபோல இருந்தாள். கதை முடியும்வரை ஒரு சத்தமும் இல்லை. நீங்கள் மெல்லத் திரும்பினீர்கள். மகிழ்வீர்கள் என்று பார்த்தேன். உங்கள் முகத்தில் இருந்தது பயம்.

"எனக்குக் காது போய்விட்டதா?"

ஆரணி அழத் தொடங்கினாள். "அம்மாதான் ஆட வேண்டாமெண்டு சொன்னவ."

நீங்கள் எனக்குக் கதவைக் காட்டினீர்கள். "நீங்கள் வெளியே நில்லுங்கள்" என்றீர்கள்.

பனியில், மூடிய கதவுக்கு இந்தப் பக்கம் நின்று கேட்டேன். கிரீச். உங்கள் குரல் ஒரு கணம் நின்று, திரும்பவும் தொடங்கும். மறுபடி கிரீச். நான் எங்கே பார்ப்பதென்று தெரியாமல் சப்பாத்தைப் பார்த்தேன். கடைசியில் கதவைத் திறந்த உங்கள் முகத்தில் சிரிப்பு.

"ஆற்றங்கரைப் பகுதி முழுவதும் கதையிலிருந்து போகிறது. எனக்கு மட்டும்தான் அது அழகு."

புத்தகம் வந்தபோது நீங்கள் இல்லை. உங்கள் மகன் அதையும் கதிரையையும் கொண்டுவந்து தந்தார். மிக மெல்லிய புத்தகம். எந்தப் படத்திலும் ஆறு இல்லை.

இன்று ஆரணியிடம் சொன்னேன்: "எழும்பு. நான் அதில இருக்கிறன். நீ யன்னலைப் பாத்துக்கொண்டு கதை, நான் கேக்கிறன்."

"உங்களுக்கு விசர் அம்மா," என்று சிரித்துக்கொண்டே எழும்பினாள். யன்னல் பக்கம் திரும்பி நின்றாள். பிறகு, கணக்கியல் வேண்டாம் என்றாள். என்ன வேண்டும் என்றும் சொல்லத் தொடங்கினாள்.

எனக்குக் கீழே கதிரை கிரீச்சிட்டது. அவள் நிறுத்தவில்லை.