ஒற்றைக் கைக்கு ஒரு கேம்

என் ஷைனி அக்கா,

ஏற்றிவிட்டேன். "புதுசா கேம் எதும் ஏத்துனியாலே?" என்றுதானே கேட்பாய். சாப்பிட்டாயா, காலேஜ் விஷயம் என்ன ஆச்சு, அப்பா பேசினாரா என்றெல்லாம் நீ கேட்டதே இல்லை. உனக்கு எப்போதும் அந்த ஒரே கேள்விதான். ஆமா, ஏற்றிவிட்டேன். நீ போன பிறகு இதுதான் முதல் தடவை. ஆனால் உனக்காக இல்லை. ததேயு அண்ணனுக்காக.

கோபப்படாதே, முழுசாகச் சொல்கிறேன். நெய்யூரில்தான் இருக்கிறேன். நம்ம டயாலிசிஸ் வார்டுக்கு வெளியே, அதே பெஞ்ச். உள்ளே அண்ணனுக்கு மிஷின் போட்டாச்சு. கேம் பெட்டி அவர் கையில் இருக்கிறது.

உன் நினைவு நாள் வருகிறது இல்லையா, சபை மலரில் போட உன்னைப் பற்றி ஒரு பக்கம் எழுதித் தா என்று கேட்டிருக்கிறார்கள். உன்னைப் பற்றி எழுத எனக்கு வரவில்லை. உனக்கு எழுத வருகிறது. அதனால் மற்றவர்களும் படிப்பார்கள். நம் இரண்டு பேருக்கும் தெரிந்ததையே திரும்பச் சொல்வேன், பொறுத்துக்கொள்.

நீ சவுதியில் நர்சாக இருந்தபோது கூட இருந்த ஒரு பெண் ஊருக்குப் போகும்போது விற்ற பழைய கேம் பெட்டி அது. இரண்டு கையாலும் பிடித்து விளையாடுவது. நடுவில் திரை, இடது பக்கம் நாலு அம்புக்குறி, வலது பக்கம் நாலு பட்டன், மேலே இரண்டு ஓரத்திலும் ஒவ்வொன்று. எனக்கென்று வாங்கி வந்தாய். அடுத்த தடவை வரும்போது பெட்டி படுக்கையோடு வந்தாய், இரண்டு கிட்னியும் போய். நான் அப்போதுதான் இன்ஜினியரிங்கைப் பாதியில் விட்டிருந்தேன். வீட்டில் வேலைவெட்டி இல்லாத ஒரே ஆள் நான். அதனால் செவ்வாயும் வெள்ளியும் கொட்டாரத்திலிருந்து நெய்யூருக்கு உன்னை பைக்கில் கொண்டுபோவது என் வேலை ஆனது.

மிஷினில் நாலு மணி நேரம். வலது கையில் இரண்டு ஊசி. அந்தக் கையை அசைத்தால் மிஷின் கத்தும். நீ இடது கைக்காரி என்பதால் இடது கையை விட்டுவிட்டு வலது கையில் ஊசிக்கு வழி செய்திருந்தார்கள். பள்ளிக்கூடத்தில் இடது கையால் எழுதினாய் என்று அடித்தார்களே, அந்தக் கை ஒன்றுதான் உனக்கு மிச்சம்.

போனில் விளையாடலாமே என்று படிக்கிறவர்கள் கேட்பார்கள். மல்லாந்து படுத்துக்கொண்டு ஒரே கையில் போனைப் பிடித்து அதே கையால் தொட்டுப் பார்க்கட்டும். உன் மூக்கில் எத்தனை தடவை விழுந்தது? விளம்பரம் வேறு. "களிச்சிட்டு இருக்கப்ப நடுவுல சேலைக் கடைக்காரன் வாறாம்லே" என்று தூக்கி வைத்துவிட்டாய். அப்புறம்தான் எனக்கென்று வாங்கிய பெட்டியைத் திருப்பிக் கேட்டாய்.

அதற்கான டிஸ்க் இப்போது எங்கேயும் கிடைக்காது. உள்ளே இருக்கிற பூட்டை உடைத்தால்தான் வேறு கேம் ஏற்ற முடியும். யாரோ எங்கேயோ எழுதி வைத்திருக்கிற புரோகிராமைப் போட்டு உடைத்தேன். காலேஜில் மூன்று வருஷம் உட்கார்ந்து புரியாதது எல்லாம் அன்றைக்குப் புரிந்தது. கேபிள் சொருகி, மெமரி கார்டில் ஒரு ஃபோல்டர் போட்டு, முதல் கேமை ஏற்றினேன். கார் ரேஸ். நீ வார்டில் இருந்து போன் பண்ணித் திட்டினாய்.

"ஏலே, வண்டிய வளைச்சா ஓட மாட்டேங்கு, ஓட்டுனா வளைய மாட்டேங்கு. ஒத்தக் கைக்காரிக்கு இதையாலே ஏத்துவாவ?"

அதுக்கு அப்புறம்தான் யோசித்தேன். பட்டன்களை இடம் மாற்றுகிற இன்னொரு புரோகிராம் கிடைத்தது. வலது பக்கத்தில் இருக்கிற எல்லாவற்றையும் இடது பக்கத்துக்குக் கொண்டுவந்தேன். ஓரத்துப் பட்டனை உன் ஆள்காட்டி விரலுக்கு 'சரி' என்று வைத்தேன். கேமும் மாற்றினேன். மாறி மாறி அடிக்கிற சண்டை. நாம் அமுக்குகிற வரை எதிரி காத்துக்கொண்டு நிற்பான். சிஸ்டர் வந்து பிரஷர் பார்த்துவிட்டுப் போனாலும் நிற்பான். உனக்கு அது பிடித்துப்போனது. நாலு பேர் சேர்ந்து ஊர் ஊராகப் போகிற கதை. நாலு பேருக்கும் நீயே பேர் வைத்தாய். அப்பா, அம்மா, ஷைனி, அஜின். அப்பாவுக்குக் கோடாரி, அம்மாவுக்கு மந்திரம், நீ வாள். என்னை மட்டும் அடிபட்டவர்களுக்கு மருந்து போடுகிறவனாக வைத்தாய். ஏன் என்று கேட்டதற்கு, "உனக்கு வேற என்னலே தெரியும்?" என்றாய். அது கேலியா, இல்லையா? இன்னும் எனக்குத் தெரியவில்லை.

அப்டேட் கதையையும் சொல்லிவிடுகிறேன். ஒருநாள் திரையில் ஏதோ கேட்டது, நீ 'சரி' அமுக்கினாய். உடைத்த பூட்டு மறுபடி பூட்டிக்கொண்டது. ஒரு கேமும் இல்லை. நான் தலையில் அடித்துக்கொண்டேன்.

"எதுக்கு அமுக்குன? வாசிக்க மாட்டியா?"

"ஆஸ்பத்திரில எதை நீட்டுனாலும் சரின்னு கையெழுத்துப் போட்டுப் பழகிட்டு மக்கா. கை தானா போய் அமுக்கிட்டு."

திரும்ப உடைத்தேன். ஆனால் புது பூட்டு முழுசாக உடையவில்லை. பெட்டியை ஒரேயடியாக அணைத்துவிட்டால் நம் கேம் எதுவும் தெரியாது. ஒவ்வொரு தடவையும் ஒரு சின்ன புரோகிராமை ஓட்டினால்தான் திரும்ப வரும். அதனால் நீ அணைக்கவே மாட்டாய். பட்டனை லேசாகத் தட்டித் தூங்கவைப்பாய். சார்ஜ் மட்டும் இறங்காமல் பார்த்துக்கொள்வாய்.

அடுத்த கட்டிலில்தான் ததேயு அண்ணன். முட்டத்துக்காரர். கடலில் கிடந்த மனுஷன், அந்த நாலு மணி நேரமும் கண்ணை உருட்டிக்கொண்டு கிடப்பார். உன்னைக் கிண்டல் பண்ணுவதுதான் அவர் பொழுது.

"நர்சம்மா, நாலு வயசுப் பிள்ளைக்க சாமானத்த வச்சு என்ன களி?"

"அண்ணே, தண்ணி குடிக்கக் கூடாதுன்னதுக்கு நீங்க ஐஸ்கட்டிய வாயில ஒளிச்சு வச்சத நான் சிஸ்டர்கிட்ட சொல்லல, கேட்டேளா?"

"சரி மோளே, சரி. அதுல பந்துகளி உண்டா?"

"ஒத்தக் கையால பந்துகளி முடியாதுண்ணே."

"பந்து களிக்க கை எதுக்கு மோளே?"

வார்டு முழுக்கச் சிரித்தது. நீ சிரித்ததில் கை அசைந்து மிஷின் கத்தியது. சிஸ்டர் நம் மூன்று பேரையும் சேர்த்துத் திட்டினாள். பிறகு அவர் ஒருக்களித்துப் படுத்து உன் திரையையே பார்த்துக்கொண்டு கிடப்பார். "அந்த மருந்துக்காரன முன்னால விடு, அவனக் கொல்லட்டு" என்று யோசனை சொல்வார்.

மழைக் காலத்தில் உனக்கு ஒரு காய்ச்சல் வந்தது. அதைப் பற்றி நான் எழுதப்போவதில்லை. உனக்கும் தெரியும், எனக்கும் தெரியும். மற்றவர்களுக்கு எதற்கு?

பெட்டியை அம்மா உன் ஷாலில் சுற்றி அலமாரியில் வைத்தாள். நானும் எடுக்கவில்லை. அப்பா கடைக்கு வா என்றார், போகவில்லை. மொபைல் கடையில் வேலைக்குப் போனேன், அங்கேயும் நிற்கவில்லை. உனக்குத்தான் தெரியுமே, எனக்கு ஓர் இடத்தில் உட்கார வராது. உன் கட்டில் பக்கத்தில் எப்படி உட்கார்ந்தேன் என்று நானே யோசித்திருக்கிறேன்.

போன வாரம் பெனிட்டா அக்கா போன் பண்ணினார்கள். ததேயு அண்ணன் வீட்டுக்காரி.

"மக்கா, அண்ணன் இனி நெய்யூருக்கு வரமாட்டேன்னு கிடக்காரு. போன தடவ பாதியில ஊசிய எடுக்கச் சொல்லிச் சண்ட போட்டு எந்திச்சி வந்திட்டாரு. வெள்ளிக்கிழம போவவே இல்ல. காலு ரெண்டும் வீங்கிப்போச்சு. நாலு மணி நேரம் சும்மா கிடக்க முடியலையாம். மோளு இருந்தப்ப அவ களிக்கதப் பாத்துட்டாவது கிடப்பாரு. அந்தப் பெட்டி இருக்கா மக்கா?"

"இருக்கு."

"தருவியா?"

"தரமாட்டேன்" என்றேன்.

"சரி மக்கா" என்று வைத்துவிட்டார்கள். கெஞ்சியிருந்தால் நானும் ஏதாவது பேசியிருப்பேன். கெஞ்சவில்லை.

டயாலிசிஸை விட்டால் என்ன ஆகும் என்று எனக்கு யாரும் சொல்லித்தர வேண்டாம். மூச்சு வாங்கும். படுக்க முடியாது. அதற்கு மேல் நாள் ஆகாது. இதையெல்லாம் நீதான் ஒரு நர்சு மாதிரி, வேறு யாருடைய வியாதியையோ சொல்வது போல, பைக்கில் என் பின்னால் உட்கார்ந்து சொல்லியிருக்கிறாய்.

அலமாரியைத் திறந்தேன். அம்மா அடுக்களை வாசலில் நின்று பார்த்தாள். சார்ஜ் சுத்தமாக இறங்கியிருந்தது. ஏற்றிப் போட்டால் ஒரு கேமும் இல்லை. எல்லாம் போய்விட்டது என்றே நினைத்தேன். அப்புறம்தான் அந்தச் சின்ன புரோகிராம் ஞாபகம் வந்தது. ஓட்டினேன். வந்தது. நீ விட்ட இடத்தில் நாலு பேரும் ஒரு பெரிய கதவுக்கு முன்னால் நிற்கிறோம். கடைசிக் கதவு போல இருக்கிறது. எல்லாருக்கும் உயிர் நிரப்பி, மருந்தெல்லாம் என் பையில் வாங்கிப் போட்டு, உள்ளே போகாமல் வைத்திருக்கிறாய். ஏன் போகவில்லை?

இடது கையால் மட்டும் கொஞ்ச நேரம் நடந்து பார்த்தேன். என் விரலுக்கு அது ஒத்தே வரவில்லை. உன் கைக்கு வைத்தது.

பைக்கை எடுத்துக்கொண்டு முட்டத்துக்குப் போனேன். அண்ணன் சுவரைப் பார்த்துப் படுத்திருந்தார். முகம் உப்பிக் கிடந்தது.

"எந்தக் கையிலண்ணே ஊசி?"

"ஏன், ஆஸ்பத்திரிக்காரன் உன்னையும் அனுப்பிட்டானா?"

"கேட்டதுக்குப் பதில் சொல்லுங்க."

இடது கையைத் தூக்கிக் காட்டினார். அவர் வலது கைக்காரர். எனக்கு அங்கேயே புரிந்துவிட்டது. நான் உனக்கு வைத்த அத்தனையையும் மாற்ற வேண்டும். இடது பக்கத்தில் இருக்கிறது எல்லாம் வலது பக்கம் வர வேண்டும்.

முதலில் மீன் பிடிக்கிற கேம் ஒன்று ஏற்றிக் காட்டினேன். கடல்காரருக்குப் பிடிக்கும் என்று நினைத்தது என் புத்தி. ஒரு நிமிஷம் பார்த்தார்.

"இது என்ன மீனுலே?"

"தெரியாதுண்ணே. வெளிநாட்டு மீனு."

"பிடிச்சிட்டு திரும்ப வெள்ளத்துல விடுகான். இவனுக்க வீட்டுல குழம்பு வைக்க மாட்டாவளா? பந்துகளி உண்டா?"

கால்பந்தில் ஓட ஒரு கை, உதைக்க ஒரு கை வேண்டும். ஆனால் அதில் இன்னொரு வழி இருக்கிறது. நாம் விளையாட வேண்டாம், கோச்சாக இருக்கலாம். யாரை இறக்குவது, யாரை எடுப்பது, யார் எங்கே நிற்பது என்று சொன்னால் போதும், ஆட்கள் தாங்களே ஓடுவார்கள். அதற்கு ஒரு கை தாராளம். அண்ணனுக்குச் சொன்னேன். எழுந்து உட்கார்ந்தார்.

"அப்ப நான் சொன்னாக் கேப்பானுவளா?"

"கேப்பானுவ."

"எனக்க பிள்ளையளே கேக்காது."

அந்த கேம் பெரியது. கார்டில் இடம் இல்லை. உன்னுடையதை எடுத்தால்தான் ஏறும். நீ சேமித்து வைத்ததை மட்டும் என் போனில் எடுத்து வைத்துக்கொண்டேன். போனில் அது ஓடாது, சும்மா கிடக்கும். கிடக்கட்டும். பட்டன் வைத்த முறையை எடுத்து வைக்கவில்லை. அதை வைத்து யார் விளையாட? அழிக்கும்போது 'நிச்சயமா?' என்று கேட்டது. நீ சரி அமுக்கியது போல என்னால் டக்கென்று அமுக்க முடியவில்லை. அண்ணன் வீட்டு வாசலில் போய்க் கொஞ்ச நேரம் நின்றேன். பெனிட்டா அக்கா கட்டன்சாயா கொண்டு வந்து தந்துவிட்டு உள்ளே போனார்கள். குடித்துவிட்டு வந்து அமுக்கினேன்.

பிறகு வலது கைக்கு வைத்தேன். நாலு பட்டனும் நாலு திசை, ஓரத்துப் பட்டன் 'சரி'. உனக்கு வைத்ததைக் கண்ணாடியில் பார்த்தது போல இருந்தது.

இன்றைக்குக் காலையில் அண்ணன் வந்துவிட்டார். பெனிட்டா அக்கா ஆட்டோவில் இருந்து இறங்கும்போதே எனக்குக் கையைக் காட்டினார்கள். உன் கட்டிலில் இப்போது வேறு யாரோ ஒரு தாத்தா. நான் அந்தப் பக்கம் பார்க்கவில்லை. அண்ணனுக்குப் பெட்டியைத் தலையணையில் சாய்த்து வைத்துக் கொடுத்தேன். ஆட்டக்காரர்களுக்குப் பேர் மாற்றலாம் என்று தெரிந்ததும், படகில் கூட வருகிறவர்கள் பேரையெல்லாம் போடச் சொன்னார். கடன் வாங்கித் திருப்பித் தராத ஒருத்தனை கோல் கீப்பராக நிறுத்தினார், அடிபடட்டும் என்று. கடைசியில் ஒரு இடம் மிச்சம் இருந்தது.

"ஷைனின்னு போடு" என்றார்.

"எங்க நிறுத்தண்ணே?"

"அவ இடது கைக்காரில்லா. இடது பக்கமா ஓட விடு."

போட்டேன். அதுக்குத்தான் வெளியே வந்து இந்த பெஞ்சில் உட்கார்ந்திருக்கிறேன். வேறு ஒன்றும் இல்லை. உள்ளே அவர் கத்துவது இங்கே வரைக்கும் கேட்கிறது. "ஷைனி மோளே, பாஸ் பண்ணு, பாஸ் பண்ணு." சிஸ்டர் சத்தம் போடுகிறாள். இரண்டு மணி நேரம் தாண்டிவிட்டது. போன தடவை இவர் எழுந்து போன நேரம் தாண்டிவிட்டது அக்கா.

ஒன்று மட்டும் உனக்குச் சொல்கிறேன். பெட்டியை அணைத்துவிட்டால் புரோகிராமை ஓட்ட வேண்டும் இல்லையா, அதை பெனிட்டா அக்காவுக்கு நான் சொல்லிக்கொடுக்கவில்லை. சொல்லிக்கொடுத்தால் ஒரு நிமிஷ வேலை. கொடுக்க மாட்டேன். செவ்வாயும் வெள்ளியும் நானே வருவேன். அண்ணன் வருகிற வரைக்கும் வருவேன். இது உனக்கு நான் கொடுக்கிற வாக்கு, மலரில் அச்சாகிவிட்டால் மாற்றவும் முடியாது.

அந்தக் கடைசிக் கதவு பற்றி இன்னும் ஒன்று கேட்க வேண்டும் என்று

இரு. சிஸ்டர் கதவைத் திறந்து கூப்பிடுகிறாள். பின்னாலேயே அண்ணன் குரல், "ஏலே அஜினு, திரை ஒக்க கறுத்துப்போச்சுலே, ஓடி வா." அணைத்துவிட்டார். நான் போகணும்.

உன் மருந்துக்காரத் தம்பி,
அஜின்