ஒழிந்துபோன மாவட்டத்துக்கு ஒரு விலாசம்

எல்ம்ஃபோர்டு, இங்கிலாந்து
12.3.2006

பாசமுள்ள மாமாவுக்கு,

ஆன் மேரி எழுதுவது. போனில் பேசினால் சண்டையில்தான் முடிகிறது, அதனால் கடிதம். நர்ஸ் வேலைக்கு நான் விமானம் ஏறிய அன்று, என் புருஷன் நீங்கள், வாசல்வரைகூட வரவில்லை. மூன்று வருஷமாகியும் அந்த வருத்தம் போகவில்லை.

இங்கே முதியோர் இல்லத்தில் வேலை. ஊரைப் பாரிஷ் என்கிறார்கள், நம் பஞ்சாயத்து மாதிரி. இருபத்தோரு பாரிஷ் சேர்ந்து ஹார்ட்டன்பரி என்று ஒரு மாவட்டமாக இருந்ததாம். 1974இல் அதை ஒழித்துவிட்டார்கள். ஆனாலும் எங்கள் கிழங்களைக் கேட்டால், ஹார்ட்டன்பரிதான் என்று அடம்பிடிக்கும்.

மே 31க்குள் இன்னும் இரண்டு வருஷத்துக்கு வேலை ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட வேண்டும். நீங்கள் வா என்றால் போடாமல் கிளம்பி வருகிறேன். பதில் வராவிட்டால், நான் வேண்டாம் என்று எடுத்துக்கொள்வேன்.

ஆன் மேரி

விருத்தாசலம்
2.4.2006

மேரிக்கு,

வா. முதலில் இதை எழுதிவிட்டேன், மற்றதெல்லாம் அப்புறம்.

அன்று வராதது கோபத்தால் இல்லை. நீ போவதைப் பார்க்கிற தைரியம் எனக்கில்லை. போன வாரம்கூடப் பீங்கான் கம்பெனியில் வேலை செய்யும்போது உன் நினைப்பில் ஒரு தட்டு பீங்கான் ஃபியூஸ் கட்டையைக் கீழே போட்டு உடைத்து, மேஸ்திரியிடம் நன்றாக வாங்கிக் கட்டிக்கொண்டேன்.

உனக்கு விலாசம் எழுதவே தெரியவில்லை. உறையின் பின்னால் நீ எழுதியதில் வட்டம் இல்லை, மாவட்டம் இல்லை. கடைசியில் எழுத்தும் எண்ணுமாக ஏதோ கிறுக்கல். அதை விட்டுவிட்டு, ஹார்ட்டன்பரி மாவட்டம் என்று கொட்டை எழுத்தில் போட்டிருக்கிறேன். தப்பாமல் வந்து சேரும்.

பாக்கியநாதன்

எல்ம்ஃபோர்டு
31.5.2006

மாமாவுக்கு,

பதில் வரவில்லை. இன்று காலை கையெழுத்துப் போட்டுவிட்டேன். இனி தொந்தரவு செய்ய மாட்டேன். உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

ஆன் மேரி

எல்ம்ஃபோர்டு
10.6.2006

அட என் மாமா,

உங்கள் கடிதம் இன்றுதான் வந்தது! கிறுக்கல் என்று விட்டீர்களே, அதுதான் இங்கே பின்கோடு. எல்ம்ஃபோர்டு என்று இந்த நாட்டில் ஐந்து ஊர் இருக்கிறது. எல்லாவற்றையும் சுற்றிவிட்டு, கடைசியில் ஒரு வயசான போஸ்ட்மேன் கையில் கிடைத்திருக்கிறது. அவர் பிறந்ததே ஹார்ட்டன்பரியாம். "எங்க மாவட்டத்துக்கு இன்னும் லெட்டர் வருதே!" என்று அவரே கொண்டுவந்து கொடுத்தார்.

முதல் வார்த்தையைப் படித்துவிட்டு அங்கேயே உட்கார்ந்து அழுதேன். போட்ட கையெழுத்தை மாற்ற முடியாது. ஆனால் புருஷனை அழைத்துக்கொள்ளலாம் என்கிறார்கள். நீங்கள் வாங்களேன்.

உங்கள் மேரி

விருத்தாசலம்
29.6.2006

அன்புள்ள மேரிக்கு,

முந்தின கடிதம் வந்த அன்று எனக்குச் சோறு இறங்கவில்லை. அடுத்தது வந்ததும் ஒரு நாள் லீவு போட்டேன்.

நேற்று கடலூர் போய்ப் பாஸ்போர்ட்டுக்கு மனு கொடுத்தேன். "எதுக்குங்க வெளிநாடு?" என்று குமாஸ்தா கேட்டார். "எம் பொண்டாட்டி கூப்புட்டிருக்குதுங்க" என்றேன். வரிசையில் நின்றவர்கள் எல்லாரும் சிரித்தார்கள். எனக்குக் கொஞ்சமும் வெட்கமாக இல்லை.

உன் பாக்கியநாதன்